பிரிபடாத பாகம்

விடியற்காலை ஐந்தேகால். மடிப்பாக்கத்தில் எங்கள் தெருவுக்குப் பால் வண்டி வந்து போய்விட்டது. மாடிப்படிக்குக் கீழே, மீட்டர் போர்டுக்குப் பக்கத்தில், ஆணியில் ஒரு நாற்பது பக்க நோட்டு தொங்குகிறது. அதோடு நூலில் கட்டிய ஒரு பேனா. தரைத்தளத்து அக்கா கோலமாவுக் கிண்ணத்தைத் திட்டில் வைத்துவிட்டு மோட்டார் சுவிட்சைத் தட்டுகிறார். நோட்டை எடுத்து எழுதுகிறார்: ‘5.20 ஆன். சம்ப் முக்கால்.’ நிலத்தடித் தொட்டியில் முக்கால்வாசித் தண்ணீர் இருக்கிறது என்று அர்த்தம்.

அவர் வாசலைத் தெளித்துப் புள்ளி வைத்துக் கோலத்தை முடிப்பதற்குள் மேலே இரண்டாம் மாடியிலிருந்து குரல் வருகிறது.

“ஏம்மா, மோட்டார் போட்டாச்சா?”

“போட்டாச்சு பாட்டி. இன்னும் அரை மணி நேரத்துல குளிக்கலாம்.”

பன்னிரண்டு வீடுகளின் ஒரு நாள் இப்படித்தான் தொடங்குகிறது. மொட்டைமாடித் தொட்டி நிரம்பினால்தான் பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகள் குளிக்க முடியும், மாவாட்ட முடியும், பூஜைக்குத் தண்ணீர் பிடிக்க முடியும். காலையில் அந்த சுவிட்சைப் போடுவது யார் என்று நாற்பத்தி இரண்டு பேரில் பலர் ஒரு நாளும் யோசித்ததில்லை. சுவிட்ச் போடப்படாத ஒரு நாள் அமைந்தால், ஆறு மணிக்குள் எல்லோருக்கும் தெரிந்துவிடும்.

சென்னையில் ஃப்ளாட் வாங்கிய எல்லோரிடமும் ஒரு பத்திரம் இருக்கும். அதில் வீட்டின் அளவோடு இன்னொரு அளவும் இருக்கும்: ‘பிரிபடாத பாகம்’. பேச்சு வழக்கில் ‘யூடிஎஸ்’. எங்கள் கட்டடம் இரண்டு கிரவுண்டில் நிற்கிறது. கிரவுண்ட் ஒன்றுக்கு 2,400 சதுர அடி, ஆக 4,800. பன்னிரண்டு வீட்டுக்கும் சமமாக வகுத்தால் ஆளுக்கு 400 சதுர அடி மண் சொந்தம். அந்த 400 சதுர அடி எங்கே இருக்கிறது என்று கேட்டால் ஒருவராலும் கோடு போட்டுக் காட்ட முடியாது. கோலம் போடும் வாசலிலும் அது இருக்கிறது, செப்டிக் டேங்க் மூடிக்குக் கீழேயும் இருக்கிறது. பதினைந்து வருடமாக இந்தக் கட்டடத்தில் வாழ்ந்தபின் எனக்குத் தோன்றுவது ஒன்றுதான். பத்திரத்தில் எழுதியிருக்கும் அந்த இரண்டு சொற்கள் நிலத்துக்கு மட்டும் எழுதப்பட்டவை என்று நினைத்து வாழ்கிற கட்டடங்களில் சண்டை ஓய்வதில்லை.

மதியம் பத்து நிமிடம்

2019 கோடை. பூண்டி, சோழவரம், செங்குன்றம், செம்பரம்பாக்கம் என்று சென்னைக்குத் தண்ணீர் தரும் முக்கிய நான்கு ஏரிகளும் ஜூன் மாதத்தில் கிட்டத்தட்ட வறண்டு கிடந்தன. ஜூலை 12ஆம் தேதி ஜோலார்பேட்டையிலிருந்து 50 வேகன்களில் 25 லட்சம் லிட்டர் தண்ணீரை ஏற்றிக்கொண்டு முதல் ரயில் வில்லிவாக்கத்துக்கு வந்து சேர்ந்தது. நகரமே அந்த ரயிலைத் தொலைக்காட்சியில் பார்த்தது.

எங்கள் போர்க் குழாய்க் கிணறு அதற்கு முன்பே காற்றைத்தான் இழுத்துக்கொண்டிருந்தது. 12,000 லிட்டர் லாரிக்குப் பணம் கட்டிவிட்டு நாள் கணக்கில் காத்திருந்தோம். நகரங்களில் ஆளுக்கு ஒரு நாளைக்கு 135 லிட்டர் தேவை என்பது அரசாங்கக் கணக்கு. அதன்படி எங்கள் நாற்பத்தி இரண்டு பேருக்கு ஒரு லாரி தண்ணீர் இரண்டு நாளைக்கு வரும். அந்த ஒரு லாரியை நாங்கள் நான்கு நாளைக்கு நீட்ட வேண்டியிருந்தது.

மொட்டைமாடியில் கூடிப் பேசினோம். காலை அரை மணி, மாலை அரை மணி மட்டும் வால்வைத் திறப்பது என்று முடிவானது. முதல் மாடியில் ஒரு வீட்டில் அப்போது பிறந்து இருபது நாளான குழந்தை. அந்தத் தாய் கூட்டத்துக்கு வரவில்லை; தனக்குக் கூடுதலாகத் தண்ணீர் வேண்டும் என்று யாரிடமும் கேட்கவும் இல்லை. மறுநாள் காலை நோட்டில் இரண்டாம் மாடித் தாத்தாவின் கையெழுத்தில் ஒரு வரி இருந்தது: ‘குழந்தை வீட்டு லைன் மட்டும் மதியம் 12 முதல் 12.10 வரை திறக்கப்படும்.’

மொட்டைமாடித் தொட்டியிலிருந்து இறங்கும் ஒவ்வொரு குழாயும் மேலிருந்து கீழாக மூன்று வீடுகளுக்குப் போகிறது. ஒரு வால்வைத் திறந்தால் மூன்று வீட்டிலும் தண்ணீர் வரும். குழந்தை வீட்டுக்கு மேலே ஒரு வீடு, கீழே ஒரு வீடு. அந்தக் கோடை முழுக்க, மதியம் அந்தப் பத்து நிமிடத்தில், மேல் வீட்டிலும் கீழ் வீட்டிலும் ஒரு குழாய்கூடத் திறக்கப்படவில்லை. யாரும் அவர்களிடம் சொல்லவில்லை. நோட்டைப் படித்தார்கள், அவ்வளவுதான். வீட்டில் பாத்திரம் கழுவாமல் குவிந்து கிடக்க, குழாயில் தண்ணீர் நிற்பது தெரிந்தும் திறக்காமல் இருப்பது எவ்வளவு பெரிய காரியம் என்பது அந்தக் கோடையில் சென்னையில் இருந்தவர்களுக்குத் தெரியும்.

மேல் வீட்டு பாத்ரூம்

அக்கம்பக்கம் என்றால் எப்போதும் பாலும் தேனுமாக இருக்கும் என்று சொல்ல வரவில்லை. அடுக்ககத்தில் பல சண்டைகள் தண்ணீரால் வருபவை. அதிலும் முதல் இடம் மேல் வீட்டு பாத்ரூமுக்கு.

பாத்ரூம் தரையை மற்ற அறைகளைவிடத் தாழ்வாக இறக்கிக் கட்டுவார்கள். மேஸ்திரிகள் அதை ‘சங்கன்’ என்பார்கள். அந்தப் பள்ளத்தில் குழாய்களைப் போட்டு, செங்கல் ஜல்லி கொட்டி நிரப்பி, மேலே டைல்ஸ் ஒட்டுவார்கள். வருடம் ஆக ஆக டைல்ஸுக்கு நடுவிலுள்ள பூச்சு உதிரும். தண்ணீர் வடியும் நஹானி ட்ராப்பைச் சுற்றி விரிசல் விடும். சொட்டுச் சொட்டாக இறங்கும் தண்ணீர் ஜல்லிக்குள் தேங்கி, கீழ் வீட்டுக்காரரின் கூரையில் வரைபடம் போல் ஈரமாகப் படரும். ஒழுகுவது கீழ் வீட்டில். உடைக்க வேண்டியது மேல் வீட்டில். இவருக்கு இருக்கும் அவசரம் அவருக்கு இருப்பதில்லை.

எங்கள் கட்டடத்தில் இந்த ஒரு விஷயத்துக்காக இரண்டு குடும்பங்கள் ஏழு மாதம் பேசிக்கொள்ளவில்லை. ஒரே படியில் ஏறி இறங்குவார்கள், முகம் திருப்பிக்கொள்வார்கள். பிள்ளைகள் இருவரும் ஒரே வேனில் பள்ளிக்கூடம் போவார்கள். கடைசியில் பேச்சைத் தொடங்கியது கீழ் வீட்டு அம்மா. மேல் வீட்டு அம்மாவைக் கையோடு அழைத்து வந்து, தன் பாத்ரூமில் நிற்கவைத்து, கூரையைக் காட்டினார். கூரையின் பூச்சு பெயர்ந்து உள்ளே கம்பி துருவேறித் தெரிந்தது.

“இது என் வீட்டுக் கூரை மட்டுமில்லங்க. உங்க வீட்டுத் தரையும் இதுதான்.”

அடுத்த வாரம் கொத்தனார் வந்தார். டைல்ஸ் செலவு மேல் வீட்டுக்கு, கூரைப் பூச்சு கீழ் வீட்டுக்கு, வாட்டர்ப்ரூஃபிங் அசோசியேஷன் கணக்கில் என்று பிரித்துக்கொண்டார்கள். வேலை நடந்த ஆறு நாளும் மேல் வீட்டார் கீழ் வீட்டில்தான் குளித்தார்கள்.

ஒண்டுக்குடித்தனத்திலிருந்து

ஒரே கூரைக்கடியில் பல குடும்பங்கள் வாழ்வது சென்னைக்கு ஃப்ளாட்டோடு வந்த பழக்கம் கிடையாது. திருவல்லிக்கேணியிலும் மயிலாப்பூரிலும் ஒண்டுக்குடித்தனங்கள் இருந்தன. நடுவில் முற்றம், ஒரு கிணறு, ஒரு குழாயடி, சுற்றிலும் ஆளுக்கொரு அறை. கே.பாலசந்தரின் ‘எதிர்நீச்சல்’ (1968) பெரும்பாலும் அப்படியொரு வீட்டில்தான் நடக்கிறது. நாகேஷ் ஏற்ற மாது அங்கே மாடிப்படிக்கடியில் வாழ்பவன். அத்தனை குடித்தனங்களுக்கும் எடுபிடி வேலை செய்து, அவர்கள் போடும் சோற்றைச் சாப்பிட்டுப் படிப்பவன். அந்த வீட்டில் அன்பும் இருந்தது, அதே அளவு அலட்சியமும் இருந்தது. ஒண்டுக்குடித்தனத்தைப் பொற்காலமாக நினைத்து ஏங்குகிறவர்கள் அந்தப் படத்தை இன்னொரு முறை பார்க்க வேண்டும்.

1961இல் தமிழ்நாடு வீட்டுவசதி வாரியம் வந்தது. 1970இல் குடிசை மாற்று வாரியம். முற்றம் போய் மாடிப்படி வந்தது. குழாயடி போய்த் தனித்தனிக் குழாய் வந்தது. கதவைச் சாத்திக்கொள்ளும் உரிமை முதன்முதலாக நடுத்தர வர்க்கத்துக்கும் ஏழைக் குடும்பங்களுக்கும் கிடைத்தது. குறிப்பாகப் பெண்களுக்கு அது சின்ன விஷயம் இல்லை. ஊரே பார்க்க வரிசையில் நின்று தண்ணீர் பிடித்தவர்களுக்கும், பொதுக் கழிப்பறைக்கு இருட்டும்வரை காத்திருந்தவர்களுக்கும் தாழ்ப்பாள் போட்ட ஒரு கதவு எவ்வளவு பெரிய விடுதலை!

ஆனால் சாத்திய கதவைத் தட்டும் உரிமையும் யாருக்காவது இருக்க வேண்டும். 2021 டிசம்பர் 27ஆம் தேதி அதை நாம் திருவொற்றியூரில் பார்த்தோம். அரிவாக்குளத்தில் வாரியக் குடியிருப்பின் ஒரு பிளாக், 24 வீடுகள், காலையில் இடிந்து விழுந்தது. அதற்கு முன்பே குடியிருந்தவர்கள் விரிசலையும் சத்தத்தையும் கவனித்து, கதவுகளைத் தட்டி, ஒருவரையொருவர் வெளியேற்றியிருந்தார்கள். உடைமைகள் எல்லாம் மண்ணுக்குள் போயின. ஓர் உயிர்கூடப் போகவில்லை.

இதன் மறுபக்கத்தைப் பெரும்பாக்கத்தில் பார்க்கலாம். 2015 வெள்ளத்துக்குப் பிறகு ஆற்றோரக் குடும்பங்கள் பல அங்கே எட்டு மாடிக் கட்டடங்களுக்கு அனுப்பப்பட்டன. வேலையும் பள்ளிக்கூடமும் இருந்த இடத்திலிருந்து இருபது கிலோமீட்டருக்கும் மேல். தூரத்தைப் பற்றி எல்லோரும் பேசுகிறோம். இன்னொரு இழப்பு கணக்கில் வருவதில்லை: முப்பது வருடம் அடுத்தடுத்த வாசலில் இருந்தவர்கள் வேறு வேறு பிளாக்கில், வேறு வேறு மாடியில் சிதறிப்போனது. வேலைக்குப் போகும் தாய் பிள்ளையை யாரிடம் விட்டுப் போவாள்? திடீரென்று காய்ச்சல் வந்தால் ஐந்நூறு ரூபாய் யாரிடம் கைமாற்று வாங்குவாள்? குடும்பத்துக்கு ஒரு வீடு கொடுத்துவிட்டோம் என்று அரசு கணக்கு எழுதலாம். பக்கத்து வீட்டையும் சேர்த்துக் கொடுத்தால்தான் அது மறுகுடியமர்வு.

தரைத்தளத்தில் வெள்ளம்

2015 டிசம்பர் 1. தாம்பரத்தில் 24 மணி நேரத்தில் 49 செ.மீ. மழை என்பதை நாங்கள் பிறகுதான் செய்தித்தாளில் படித்தோம். அன்றிரவு எங்களுக்குத் தெரிந்தது, பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்துக்குப் போக வேண்டிய தண்ணீர் வழி கிடைக்காமல் எங்கள் தெருவில் நிற்கிறது என்பதுதான். ஒன்பது மணிக்கு வாசற்படி. பத்தரைக்குத் தரைத்தளத்து நான்கு வீட்டிலும் கணுக்கால். பன்னிரண்டுக்கு முழங்கால்.

மேலே இருந்த எட்டு வீட்டாரும் படியில் வரிசையாக நின்றோம். கேஸ் சிலிண்டர், அரிசி டப்பா, பத்திரங்கள் இருந்த பெட்டி, புத்தகப் பை, சுவரில் மாட்டியிருந்த ஒரு தாத்தாவின் போட்டோ என்று கைமாற்றிக் கைமாற்றி மேலே ஏற்றினோம். அடுத்த மூன்று நாள் மின்சாரம் இல்லை, போனும் இல்லை. சம்ப்பில் சாக்கடை கலந்துவிட்டது. மொட்டைமாடியில் அண்டா வைத்து மழைத்தண்ணீர் பிடித்துக் காய்ச்சினோம். பன்னிரண்டு வீட்டு அரிசியும் பருப்பும் இரண்டு அடுப்பில் வெந்தது. வீட்டில் அசைவமே சமைக்காத இரண்டாம் மாடிப் பாட்டி, தரைத்தளத்துப் பிள்ளைகளுக்குத் தன் அடுப்பில் முட்டை வேகவைத்துக் கொடுத்தார்.

வெள்ளம் வடிந்த பிறகுதான் உண்மையான சோதனை வந்தது. மோட்டாரை உயரத் தூக்கி வைக்க வேண்டும், சம்ப்பின் வாயை உயர்த்திக் கட்ட வேண்டும், வாசலில் தடுப்பு வேண்டும். “தண்ணி புகுந்தது கீழ் வீட்டுல, நாங்க எதுக்குக் குடுக்கணும்?” என்று மேல் மாடியில் ஒருவர் கேட்டார். இரண்டாம் மாடித் தாத்தா தன் பத்திரத்தையே கூட்டத்துக்கு எடுத்து வந்து பிரித்து வைத்தார். “நம்ம எல்லாருக்கும் இங்க 400 சதுர அடி மண்ணு இருக்கு. அதுல எந்த 400ல தண்ணி நின்னுச்சுன்னு சொல்லுங்க, மிச்சத்தை விட்டுடலாம்” என்றார். பன்னிரண்டு வீடும் கொடுத்தது.

2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வந்தபோது யாரும் யாரையும் கூப்பிடவில்லை. மழை வலுத்த அன்று மாலையே மேல் மாடி இளைஞர்கள் இறங்கி வந்து தரைத்தளத்து ஃப்ரிட்ஜ்களை முதல் மாடிக்குத் தூக்கிப் போய்விட்டார்கள்.

பத்திரத்தில் பெயர் இல்லாதவர்கள்

பிரிபடாத பாகம் என்று பெருமையாகப் பேசும்போது, அந்தப் பாகத்தில் பெயர் இல்லாதவர்களையும் நினைக்க வேண்டும்.

எங்கள் பன்னிரண்டு வீட்டில் ஐந்தில் வாடகைக்கு இருக்கிறார்கள். அசோசியேஷன் கூட்டத்தில் அவர்களுக்கு நாற்காலி உண்டா? பல கட்டடங்களில் கிடையாது. மெயின்டனன்ஸ் கொடுப்பவர்கள், மோட்டார் போடுபவர்கள், வெள்ளத்தில் வரிசையில் நின்றவர்கள் அவர்களும்தான். ‘டு லெட்’ பலகையைப் பார்த்துப் படியேறி வருபவரிடம் பெயரையும் சாப்பாட்டையும் கேட்டுவிட்டு, “வீடு முடிஞ்சுபோச்சு” என்று திருப்பி அனுப்பும் வழக்கம் இந்த நகரத்தில் இன்னும் இருக்கிறது. வெள்ளம் வந்த இரவில் யார் வீட்டில் என்ன சமைத்தார்கள் என்று எங்களில் ஒருவரும் கேட்கவில்லை. வெயில் காலத்தில் மட்டும் அந்தக் கேள்விக்கு என்ன வேலை?

பாத்திரம் தேய்க்க நான்கு வீட்டுக்கு வரும் அக்கா, எந்தக் குடும்பத்தில் யாருக்கு என்ன மாத்திரை என்பதுவரை அறிந்தவர். அவர் உட்கார்ந்து சாப்பிட ஓர் இடம், போய் வர ஒரு கழிப்பறை இந்தக் கட்டடத்தில் இருக்கிறதா என்று 2018 வரை நாங்கள் கேட்டுக்கொண்டதில்லை. இப்போது படிக்கட்டின் கீழ் ஒரு கழிப்பறை இருக்கிறது. அதற்கு இத்தனை வருடம் எடுத்துக்கொண்டோம் என்பதில் எனக்கு வருத்தம் உண்டு.

பன்னிரண்டு வீட்டுக் கழிவும் போய்ச் சேரும் தொட்டி ஒன்றுதான். அது அடைத்துக்கொண்டால் பாதுகாப்புக் கருவிகள் இல்லாமல் உள்ளே ஓர் ஆளை இறக்குவது 2013ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். இயந்திரம் பொருத்திய லாரி வர இரண்டு நாள் ஆகும் என்றால் இரண்டு நாள் பொறுக்கத்தான் வேண்டும். “ஒரு ஆள் இருக்கான், உடனே முடிச்சுடுவான்” என்று யாராவது சொன்னால், கட்டடத்தில் ஒருவராவது கூடாது என்று எழுந்து நிற்க வேண்டும்.

சட்டமும் இப்போது இந்தக் கூட்டு வாழ்க்கையை முன்பைவிடக் கூர்ந்து பார்க்கிறது. 1994ஆம் ஆண்டின் அடுக்குமாடிக் குடியிருப்பு உரிமைச் சட்டத்துக்குப் பதிலாக 2022இல் இயற்றிய புதிய சட்டம் 2024 மார்ச்சில் நடைமுறைக்கு வந்தது. பழைய கட்டடத்தை இடித்துப் புதிதாகக் கட்ட, உரிமையாளர்களில் மூன்றில் இரண்டு பங்கினர் சம்மதித்தால் போதும் என்கிறது அது. பன்னிரண்டு வீட்டில் எட்டு. ஒருவரின் பிடிவாதத்தால் பதினோரு குடும்பம் ஆபத்தான கூரைக்கடியில் இருக்க வேண்டாம் என்பது நல்லதுதான். மிச்சமிருக்கும் நான்கு வீட்டில் தனியாக வாழும் ஒரு முதியவர் இருந்தால், கட்டி முடியும்வரை அவர் எங்கே போவார் என்பதை அந்த எட்டுப் பேர்தான் யோசிக்க வேண்டும்.

நாலு பேர்

போன வருடம் தை மாதம் இரண்டாம் மாடித் தாத்தா போய்விட்டார். இரவு இரண்டு மணி. மகன் வெளிநாட்டில், வந்து சேர ஒரு நாளுக்கு மேல் ஆகும். பாட்டி எதிர்வீட்டுக் கதவைத் தட்டினார். ஒரு கதவு திறந்தது. பிறகு ஒவ்வொன்றாகப் பன்னிரண்டும் திறந்தது.

எங்கள் கட்டடத்தில் லிஃப்ட் இல்லை. மாடிப்படி குறுகல், திரும்பும் இடத்தில் ஸ்ட்ரெச்சர் திரும்பாது. பெட்ஷீட்டில் கிடத்தி, முன்னால் இருவர், பின்னால் இருவர் பிடித்து, ஒவ்வொரு படியாக இறக்கினோம். முன்னால் பிடித்தவர்களில் ஒருவர், 2015இல் ‘நாங்க எதுக்குக் குடுக்கணும்’ என்று கேட்டவர். பைக்குகளைத் தள்ளி வைத்து, மோட்டார் சுவிட்சுக்கு எதிரே ஃப்ரீசர் பெட்டிக்கு இடம் செய்தோம். மகன் வரும்வரை மாற்றி மாற்றி ஆட்கள் உட்கார்ந்திருந்தார்கள். துக்க வீட்டில் அடுப்பு எரியாது. மற்ற பதினோரு வீட்டிலும் முறை வைத்துக் காப்பியும் சாப்பாடும் வந்தன. சாவுக்கு நாலு பேர் வேண்டும் என்பார்கள். எங்களில் பலருக்குச் சொந்த ஊரில் அந்த நாலு பேர் இப்போது இல்லை. இங்கே இருக்கிறார்கள்.

காரியம் முடிந்து மகன் தன்னோடு கூப்பிட்டபோது பாட்டி போகவில்லை. “இங்க என்னை எல்லாருக்கும் தெரியும்பா” என்றார்.

பாட்டியின் பால்கனியில் கயிறு கட்டிய ஒரு பிளாஸ்டிக் கூடை உண்டு. காலை எட்டு மணிக்குக் கீரைக்காரம்மா குரல் கொடுத்தால், காசோடு கூடை இறங்கும், கீரையோடு ஏறும். முன்பு தாத்தா இழுப்பார். பாட்டிக்குக் கையில் பலம் இல்லாததால், இப்போது எதிர்வீட்டில் கல்லூரி படிக்கும் பையன் வந்து இழுத்துக் கொடுத்துவிட்டு பஸ்ஸுக்கு ஓடுகிறான். கீழிருந்து கூடை கிளம்பும்போது அதில் ஒரு கட்டு முருங்கைக்கீரை மட்டும்தான் இருக்கும். முதல் மாடிப் பால்கனியைத் தாண்டும்போது ஒரு கை நீண்டு, ஒரு கொத்துக் கருவேப்பிலையையோ இரண்டு எலுமிச்சம்பழத்தையோ அதில் போடும். சில நாள் அது சின்னக் கை. 2019 கோடையில் பிறந்த அந்தக் குழந்தை இப்போது பள்ளிக்கூடம் போகிறாள். போகும் முன், அம்மா கொடுத்ததைக் கூடைக்குள் போட்டுவிட்டு, மேலே பார்த்துக் கத்துகிறாள்:

“இழுங்கண்ணா!”